காதில் சொன்ன பேர்

எட்டிப் பாக்குறேன்னு தப்பா நெனச்சுக்காதீங்கம்மா. பஸ்ஸுல பக்கத்து சீட்டு, போனும் பெரிய போனா இருக்கு, கண்ணுல பட்டுருச்சு. பொம்பளப் பிள்ளைப் பேர்தானே தேடுறீங்க? தங்கச்சிக்குப் பிள்ளை பொறந்திருக்கா? நல்லது, நல்லது. அந்த ஆதிராவுக்கு 'மின்னல்'னு போட்டிருக்கு பாருங்க, அது தப்பு. மின்னலும் இல்ல, இடியும் இல்ல. திருவாதிரை நட்சத்திரம் இருக்குல்ல, அதுதான் ஆதிரை, அதுதான் ஆதிரா. எவனோ ஒருத்தன் மின்னல்னு எழுதிட்டான், அவனைப் பாத்து இன்னொருத்தன், அவனைப் பாத்து இன்னொருத்தன். இப்ப எங்க தேடினாலும் மின்னல்னுதான் வருது.

எனக்கு இதுதாம்மா வேலை. சிரிக்காதீங்க, நெசமாவே இதுதான் வேலை. குழந்தைப் பேர் ஆப் நடத்துற ஒரு கம்பெனிக்கு வீட்டுல இருந்தே பாக்குறேன். நூறு நூறு பேரா அனுப்புவாங்க. இது எந்த மொழி, என்ன அர்த்தம், அந்த அர்த்தத்துக்கு ஆதாரம் எங்க இருக்கு, எல்லாம் பாத்து எழுதணும். ரெண்டு ஆதாரம் வேணும். அகராதியோ, பழைய பாட்டோ, கல்வெட்டோ, எதுவா இருந்தாலும் ரெண்டு. கடைசிக் கட்டத்துல மூணு பட்டன் இருக்கும். ஏற்கலாம், திருத்தணும், நீக்கலாம். நான் அதிகமா அமுக்குறது மூணாவதுதான்.

எம்.ஏ. தமிழ் படிச்சேன். இருபத்திரண்டு வருஷம் ஒரு பள்ளிக்கூடத்துல லைப்ரேரியன். தமிழ் டீச்சர் லீவு போட்டா நான்தான் கிளாஸுக்குப் போவேன். அதனால தெருவுல எல்லாருக்கும் நான் டீச்சர்தான். மதுரையில பழங்காநத்தம். சொந்த வீடு, அப்பா கட்டினது. கீழ நான் மட்டும், மாடியில வாடகைக்கு ஒரு குடும்பம்.

அந்த மாடி வீட்டுப் பொண்ணு பிள்ளைக்கு ஆரவ்னு பேர் வச்சிருக்கு. பத்திரிகையில 'ஆரவ் என்றால் அமைதி'ன்னு அச்சடிச்சுக் கொடுத்துச்சு. நான் விடுவேனா? அகராதியைத் தூக்கிக்கிட்டு மாடிக்கே போயிட்டேன். 'இங்க பாரும்மா, ஆரவம்னா சத்தம், கூச்சல். அமைதிக்கு நேர் எதிர்'னு விரலை வச்சுக் காட்டினேன். அதுவும் பிள்ளை வீல்வீல்னு கத்திக்கிட்டு இருக்கும்போதே. பொருத்தமாத்தானே இருக்குன்னு நான் சிரிச்சேன். அந்தப் பொண்ணு சிரிக்கல. அதுக்கப்புறம் என்னமோ, பிள்ளை நடக்க ஆரம்பிச்சும் கீழ அனுப்புறதே இல்ல. வெயில்ல விளையாட வேண்டாம்னு இருக்கும்.

உங்க தங்கச்சி எந்த ஊர்? கோயமுத்தூரா! நானும் அங்கதான் போறேன். என் தம்பி அங்கதான் இருக்கான்.

ஒரே தம்பி. நன்மாறன். பேர் நான் வச்சது. அவன் பொறக்கும்போது நான் ஏழாங்கிளாஸ். வீட்டுல ஆளாளுக்கு ரமேஷ்ங்கிறாங்க, சுரேஷ்ங்கிறாங்க. நான் தரையில உருண்டு புரண்டு அழுது, 'பாண்டிய ராசா பேர்தான் வைக்கணும்'னு வச்ச பேர். அப்பா அவனோட நாலாவது வயசுல போயிட்டாங்க. அம்மா போகும்போது அவனுக்குப் பதினொண்ணு. அப்புறம் எல்லாம் நான்தான். சோறு, ஃபீஸு, சைக்கிளு, காய்ச்சலு, எல்லாம். கல்யாணம் பண்ணிக்கலையான்னு கேக்க வர்றீங்க. தெரியும். எல்லாரும் கேக்குறதுதான். அமையலை, விடுங்க.

அவன் பொண்டாட்டி சுகிர்தா. கோயமுத்தூர்ப் பொண்ணு. சுகிர்தம்னா நல்ல காரியம், புண்ணியம். ஜாதகத்துக்கு முன்னாடியே நான் அதைத்தான் பாத்தேன். ஆதாரம் கெட்டியா இருந்துச்சு, சரின்னுட்டேன். நல்ல பொண்ணுதான். இல்லன்னு நான் சொல்லவே மாட்டேன்.

ஆறு வருஷம் பிள்ளை இல்லம்மா. அவங்க போகாத ஆஸ்பத்திரி இல்ல. அப்புறம் ஒரு நாள் 'அக்கா, சுகிர்தா முழுகாம இருக்கா'ன்னு போன் பண்ணினான் பாருங்க, நான் அன்னைக்கே நோட்டு போட்டுட்டேன். ஆணுக்கு நூத்தி ஏழு, பொண்ணுக்கு நூத்தி ஏழு. ஒவ்வொரு பேருக்கும் பக்கத்துலயே ஆதாரம், பக்க எண்ணோட. ஒரு அத்தைக்காரி இதைவிட வேற என்ன செய்ய முடியும், சொல்லுங்க.

ஏழாம் மாசம் நடக்கும்போதே பிள்ளை பொறந்துருச்சு. ஒரு கிலோ நூறு கிராம். 'கண்ணாடிப் பெட்டிக்குள்ள வச்சிருக்காங்கக்கா, என் கை அளவுகூட இல்ல'ன்னு போன்ல அழுதான். அவன் அழுது நான் கேட்டு இருபத்தஞ்சு வருஷம் இருக்கும். 'அக்கா, நீ வர்றியா?'ன்னான்.

நான் என்ன சொன்னேன்னா, 'கண்ணாடிக்கு வெளிய நின்னு நான் என்னடா பண்ணப் போறேன். பெத்தவளைத்தான் உள்ள விடுவாங்க. இங்க க-வரிசையில அறுநூறு பேர் கெடக்கு, மாசக் கடைசிக்குள்ள முடிக்கணும். வீட்டுக்குக் கூட்டிட்டு வா, மறுநாளே நான் வர்றேன்'னேன். நியாயமாத்தானே சொன்னேன்? நட்சத்திரம் மட்டும் கேட்டு வாங்கிக்கிட்டேன். மூணாம் நாளே நோட்டைச் சுருக்கிப் பதினோரு பேர் அனுப்பினேன். முதப் பேர் தண்மதி. குளிர்ந்த நிலா. நன்மாறன் மக தண்மதி! ஒரு தடவை சொல்லிப் பாருங்க, வாயில எப்படி உக்காருது. அதுக்கு சுகிர்தாவோட அம்மா என்ன சொன்னாங்க தெரியுமா? 'புள்ள பொழைக்குமா பொழைக்காதான்னு நாங்க உக்காந்திருக்கறோம், இவங்களுக்குப் பேரு கேக்குதா'ன்னாங்களாம். எனக்கு சுருக்குன்னு ஆயிருச்சு. நல்லதுக்குக் காலமில்லன்னு விட்டுட்டேன்.

அம்பத்திரண்டு நாள் ஆஸ்பத்திரியில இருந்துச்சு பிள்ளை. நான் தெனமும் காலையில மெசேஜ் போடுவேன், 'எடை எவ்வளவு'ன்னு. அவன் போடுவான், ஆயிரத்து இருநூறு, ஆயிரத்து முந்நூத்தம்பது. நான் கட்டைவிரல் போடுவேன். அப்புறம் க-வரிசை முடிஞ்சு ச-வரிசை வந்துருச்சு.

வீட்டுக்குக் கூட்டிட்டு வந்த அன்னைக்குக் குடும்ப வாட்ஸ்அப் குரூப்புல போட்டோ வந்துச்சு. சுகிர்தா மடியில பிள்ளை. கீழ எழுதியிருக்கு, 'எங்கள் ஜின்சி வீட்டுக்கு வந்துட்டா'.

ஜின்சி!

எனக்கு ஒண்ணும் புரியலம்மா. மொத வேலையா உக்காந்து தேடினேன். எபிரேய மொழியில பாத்தேன், கிரேக்கத்துல பாத்தேன், ஆங்கிலப் பேர் அகராதி ரெண்டு பாத்தேன். ஒரு எடத்துல பூவுங்கிறான், ஒரு எடத்துல கடவுளோட அருள்ங்கிறான், ஒருத்தன் வடமொழிங்கிறான். ஒண்ணுக்கும் மூலம் கெடையாது. மூணு நாள் பாத்தேன். கம்பெனி வேலையைக்கூட ஒதுக்கி வச்சிட்டுப் பாத்தேன். பாத்துட்டு, முறையா எழுதி அதே குரூப்புல போட்டேன். பெயர்: ஜின்சி. மொழி: உறுதி செய்ய இயலவில்லை. பொருள்: இல்லை. ஆதாரம்: இல்லை. பரிந்துரை: நீக்கலாம்.

ஏம்மா அப்படிப் பாக்குறீங்க? பிள்ளையவா நீக்கச் சொன்னேன், பேரைத்தானே சொன்னேன்.

சுகிர்தா ஒரே ஒரு வரி போட்டா. 'அண்ணி, எங்க பிள்ளையப் பாத்துக்கிட்ட சிஸ்டர் பேர் ஜின்சி.' அவ்வளவுதான். நான் பதில் போட்டேன், 'நன்றி சொல்லணும்னா ஒரு நல்ல சேலையா எடுத்துக் கொடுங்கம்மா, பேரைத் தூக்கியா கொடுப்பாங்க'ன்னு. அன்னைக்குச் சாயங்காலம் அவ குரூப்பை விட்டுப் போயிட்டான்னு காட்டுச்சு.

ஆனா பேர் வைக்கிற விசேஷத்துக்கு என்னைக் கூப்பிட்டாங்க. கூப்பிடாம முடியாதே. எங்க பக்கம் அத்தைக்காரிதான் பிள்ளை காதுல மூணு தடவை பேர் சொல்லணும். அத்தை சொன்னதுக்கு அப்புறம்தான் பெத்தவங்களே அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிடணும். இவங்க அதுக்கு முன்னாடியே ஊர் பூரா கூப்பிட்டாச்சு, அது வேற விஷயம்.

வீட்டுலதான் வச்சாங்க, ஒரு அம்பது பேர். எல்லாரும் வந்தாச்சு, நல்ல நேரம் முடியப் போகுது, ஆரம்பிக்கல. என்னடா நன்மாறான்னா, 'சிஸ்டர் டியூட்டி முடிஞ்சு வந்துக்கிட்டு இருக்காங்கக்கா'ங்கிறான். ஒரு நர்ஸம்மாவுக்காக நல்ல நேரம் காத்துக்கிட்டு நிக்குது! கடைசியில வந்துச்சு. சின்னப் பொண்ணும்மா, இருபத்தாறு இருபத்தேழு வயசு இருக்கும். மலையாளம். வேர்த்து விறுவிறுத்து, பையில ஒரு கிலுகிலுப்பை வாங்கிட்டு வந்துச்சு. வாசல்ல நின்னு 'எடி மோளே'ன்னுதான் சொல்லுச்சு, மகளேன்னு. அதுவரைக்கும் அழுதுக்கிட்டே இருந்த பிள்ளை சத்தத்தை நிறுத்திட்டு அந்தப் பக்கம் தலையைத் திருப்புச்சு. அந்தக் கழுத்து நிக்கவே இல்ல, அதை வச்சுக்கிட்டுத் திருப்புச்சு.

நான் அந்தப் பொண்ணுகிட்டயே போயிட்டேன். 'உன் பேருக்கு என்னம்மா அர்த்தம்?'னு கேட்டேன். அது சிரிக்குது. 'அர்த்தம் ஒண்ணும் இல்லா சேச்சி. என்னோட அப்பா ஜிம்மி, அம்மா லின்சி. ரெண்டு பேரையும் சேர்த்து வச்சதா. எங்க ஊர்ல அப்படித்தான்.' பாத்தீங்களா! நான் எழுதினதுல ஒரு எழுத்து தப்பில்ல. எனக்கு உள்ளுக்குள்ள ஒரு திருப்தி. அப்ப அதுவே சொல்லுச்சு, நான் கேக்கல. நடுவுல பதினாலு நாள் சுகிர்தாவுக்குக் காய்ச்சலாம், கிருமி ஒட்டிக்கும்னு அவளை உள்ள விடலையாம். 'மோளு தனியாத்தானே இருக்கா சேச்சி, நான் கையை உள்ள விட்டு ஒரு விரல் கொடுப்பேன். பிடிச்சுக்கும். எடுக்க விடாது'ன்னுச்சு. அந்த விரலை எங்கிட்ட நீட்டிக் காட்டுச்சு.

எனக்கு இந்தக் காய்ச்சல் விஷயமே தெரியாது. நன்மாறன் சொல்லவே இல்ல. எடை கேட்டேன், எடையைச் சொன்னான்.

அப்புறம் என்னைக் கூப்பிட்டாங்க. தொட்டில்ல போடுறதுக்கு முன்னாடி சுகிர்தா பிள்ளையை மடியில வச்சுக்கிட்டு உக்காந்திருந்தா. சர்க்கரைத் தண்ணி ஒரு சொட்டு நாக்குல வச்சேன். வெத்தலையைக் காதோரம் மறைச்சுப் பிடிச்சுக்கிட்டுக் குனிஞ்சேன். பால் வாடை. காது இத்தனூண்டு, என் சுண்டுவிரல் நகம் மாதிரி. எல்லாரும் அமைதியா நிக்கிறாங்க. சொல்லணும். எனக்கு வாய் வரலம்மா. பொய் சாட்சி சொல்லக் கூப்பிட்ட மாதிரி இருந்துச்சு. முப்பது வருஷமா சொல்லுக்கு அர்த்தம் பாக்குறவ, ஒண்ணுமே இல்லாத ஒரு பேரை எப்படி அந்தக் காதுல ஊத்துறது?

தண்மதின்னு சொன்னேன். மூணு தடவையும் தண்மதின்னுதான் சொன்னேன்.

நிமிர்ந்தா, சுகிர்தா என்னையே பாக்குறா. அவ மடியிலதானே பிள்ளை, அவளுக்குக் கேக்காம இருக்குமா? வெத்தலையை எங்கையில இருந்து வாங்கித் தட்டுல வச்சா. பிள்ளையைத் தூக்கி நெஞ்சோட அணைச்சுக்கிட்டா. எல்லாரும் கை தட்டுறாங்க, 'ஜின்சி, ஜின்சி'ன்னு கூப்பிடுறாங்க. வேற யாருக்கும் தெரியாது. நன்மாறனுக்கே அவ சொல்லியிருக்க மாட்டான்னுதான் நெனைக்கிறேன். 'சாப்பிட்டுட்டுக் கெளம்புங்க அண்ணி'ன்னா. சாப்பிட்டேன். கெளம்பிட்டேன்.

அது ஆச்சு எட்டு மாசம்.

முன்னாடியெல்லாம் சுகிர்தா தெனமும் ஏதாவது அனுப்புவா. ரசம் வச்சேன் அண்ணி, பூ பூத்துருச்சு அண்ணின்னு. இப்ப ஒண்ணும் கெடையாது. நான் கூப்பிட்டா எடுக்க மாட்டா. நன்மாறன் ஞாயித்துக்கிழமை கூப்பிடுவான், 'சாப்பிட்டியாக்கா, மாத்திரை போட்டியாக்கா, சரி வைக்கிறேன்.' பிள்ளை குப்புற விழுந்ததையும் தவழ்ந்ததையும் நான் பாக்கல. பல்லு மொளைச்சதைச் சொன்னான், எத்தனைன்னு சொல்லல.

வீடு எப்படி இருக்கும்னு கேக்குறீங்களா? சத்தமில்லாம இருக்கும். காலையில எந்திரிச்சு டீ போட்டு, கம்ப்யூட்டரைத் தொறந்தா பேர்கள் வரும். இனியன், இளவேனில், ஈழவன்னு ஒருத்தர் பின்னால ஒருத்தரா வருவாங்க. எல்லாம் யார் யார் வீட்டுப் பிள்ளைங்களுக்கோ. போன வாரம் திடீர்னு யோசிச்சேன், என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு எத்தனை நாளாச்சுன்னு. தெருவுல டீச்சர். கம்பெனியில மேடம். பால்காரருக்கு நான் கீழ் வீட்டம்மா. நன்மாறனுக்கு அக்கா. அலமேலுன்னு கூப்பிட அம்மாவுக்கு அப்புறம் ஆளே இல்லம்மா. அலர்மேல்மங்கை. பூமேல உக்காந்திருக்கிறவ. ஆதாரம் எத்தனை வேணுமானாலும் இருக்கு.

ஒரு தடவையாவது ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கலாமேன்னு கேக்குறீங்க. நீங்க கேக்கல, சரி. உங்க முகம் கேக்குது.

அம்மாவை ஐ.சி.யூ.வுல வச்சிருந்தப்போ வெளிய பெஞ்சுல நான் ஒருத்திதான் உக்காந்திருந்தேன். ஒம்பது நாள். எனக்கு இருபத்து மூணு வயசு. தம்பியைப் பக்கத்து வீட்டுல விட்டிருந்தேன். பத்தாம் நாள் காலையில கதவைத் தொறந்து அம்மா பேரைச் சொல்லிக் கூப்பிட்டாங்க, 'கூட வந்தவங்க யாரு'ன்னு. நான் எந்திரிச்சேன். அந்தக் கதவுச் சத்தம் எனக்கு இன்னும் ஆகாது. நன்மாறன் 'நீ வர்றியா'ன்னு கேட்டப்போ, எனக்கு அந்தக் கதவுதான் ஞாபகம் வந்துச்சு. க-வரிசையாவது ஒண்ணாவது. அதையெல்லாம் ரெண்டு வாரம் கழிச்சுக் கொடுத்தாலும் யாரும் கேக்க மாட்டாங்க. நான் பயந்துட்டேம்மா. பிள்ளை போயிரும்னு பயந்துட்டேன். போறதுக்குள்ள ஒரு நல்ல பேராவது இருக்கட்டும்னுதான் மூணாம் நாளே அனுப்பினேன். இதை நான் அவங்ககிட்டச் சொல்லல. யார்கிட்டயும் சொல்லல. உங்ககிட்டத்தான் வாயில வருது.

நாளைக்குப் பிள்ளைக்கு முத வருஷப் பொறந்தநாள். 'பெருசா ஒண்ணும் வைக்கலக்கா'ன்னு நன்மாறன் போன்ல சொன்னான். வராதன்னும் சொல்லல, வான்னும் சொல்லல. அப்படிப் பேசிக்கிட்டு இருக்கும்போதே உள்ள இருந்து சுகிர்தா குரல் கேட்டுச்சு, 'ஜின்சீ'ன்னு இழுத்துக் கூப்பிட்டா. ஒரு சிரிப்பு வந்துச்சு பாருங்க பிள்ளைகிட்ட இருந்து. தடதடன்னு தவழ்ந்து போற சத்தம். அந்தப் பேர் தன்னோடதுன்னு அதுக்குத் தெரிஞ்சிருக்கு. நான் 'சரிடா, வச்சிரு'ன்னுட்டேன். அன்னைக்கு வேலை ஓடல.

நேத்துப் போய் ஒரு வெள்ளி டம்ளர் வாங்கினேன். அத்தை சீர்னு ஒண்ணு வேணுமில்ல. கடைக்காரர் 'என்ன பேர் வெட்டணும்மா'ன்னார். நான் ரொம்ப நேரம் நின்னேன். அவர் இன்னொருத்தரைக் கவனிக்கப் போயிட்டார். வெட்டாமயே வாங்கிட்டு வந்துட்டேன். இந்தப் பையிலதான் இருக்கு.

பல்லடம் தாண்டிட்டோமா? அப்ப இன்னும் ஒரு மணி நேரம்கூட இல்ல.

உங்ககிட்ட ஒண்ணு கேக்கலாமா? தப்பா நெனச்சுக்காதீங்க. உங்க போன்ல இருந்து ஒரு கால் போட்டுத் தர்றீங்களா? எங்கிட்டயும் போன் இருக்கு, சார்ஜும் இருக்கு. என் நம்பர்னா சுகிர்தா எடுக்க மாட்டா. வர்றேன்னு அவங்களுக்குத் தெரியாதும்மா. பேசாமப் போய் வாசல்ல நின்னுடலாம்னுதான் பஸ் ஏறினேன். ஆனா அவ கதவைத் தொறந்து, என்னைப் பாத்து முகம் மாறினா, என்னால தாங்க முடியாது. வேண்டாம்னு போன்லயே சொல்லிட்டா சிங்காநல்லூர்ல எறங்கி அடுத்த பஸ்ஸுல திரும்பிருவேன். டம்ளரை உங்க தங்கச்சி பிள்ளைக்கு எடுத்துக்கோங்க.

நம்பர் சொல்றேன், அமுக்குங்க. ஆமா. ஆமா, கடைசில ரெண்டு எட்டு. ரிங் போகுதா? இல்ல, நீங்களே பிடிச்சுக்கோங்க. ஸ்பீக்கர்ல போடுங்க.

எடுத்துட்டா.

ஹலோ. ஹலோ, கேக்குதா? பஸ்ஸுல இருந்து பேசுறேன். யாரா?

நான்... ஜின்சியோட அத்தை பேசுறேம்மா.

ஜின்சியோட அத்தை.

வச்சுட்டாளா பாருங்க. கொஞ்சம் திருப்பிப் பாருங்கம்மா, செகண்டு ஓடுதா? ஓடுதா? அப்ப வைக்கல.

நான் இருக்கேன் சுகிர்தா. நீ மெதுவாப் பேசு. அவசரமில்ல. நான் லைன்லயே இருக்கேன்.